பாசறைத் தீயும் காட்டுத் தீயும்

(சாரணியர் அணியின் சார்பில், பத்தாம் வகுப்பு 'ஆ' பிரிவு மாணவி)

முன்னுரை

இறைவன் மனிதனுக்கு அளித்த கொடைகளுள் நெருப்பும் ஒன்று. வீட்டில் சோறு பொங்குவது அதனால்தான். குளிரில் நடுங்குபவனைக் காப்பதும் அதுதான். ஆலயப் பீடத்தில் மெழுகுவர்த்தியாக நின்று நம் மன்றாட்டுகளோடு எரிவதும் அதுவே. ஆயினும் இடமும் காலமும் அறியாமல் மூட்டப்படும் நெருப்பைப் போலக் கொடிய பகை வேறில்லை. துன்பம் வருமுன் தன்னைக் காத்துக்கொள்ளாதவனின் வாழ்க்கையை, நெருப்பின் முன் வைத்த வைக்கோற்போருக்கு ஒப்பிட்டார் திருவள்ளுவர். அந்தக் குறளை நாங்கள் மனப்பாடப் பகுதியில் படித்து மதிப்பெண்ணும் பெற்றிருக்கிறோம். ஆனால் அதன் பொருளை உண்மையில் கற்றது வகுப்பறையில் அன்று. ஒரு மலையடிவாரத்தில், அணைந்துவிட்டதாக நாங்கள் எண்ணிய ஓர் அடுப்பின் முன்னே.

எங்கள் முகாம்

சென்ற ஆண்டு பிப்ரவரி மாதத்தில், நாங்கள் ஒன்பதாம் வகுப்பில் இருந்தபோது, எங்கள் சாரணியர் அணி மூன்று நாள் முகாமுக்குச் சென்றது. மேற்குத் தொடர்ச்சி மலையின் அடிவாரத்தில் அருட்சகோதரிகளுக்கு ஓர் ஓய்வு இல்லம் இருக்கிறது. அதன் பின்புற வேலியைத் தாண்டினால் காப்புக்காடு. தவக்காலம் தொடங்குவதற்கு முந்தைய வாரம் என்பதால், ஆடலுக்கும் பாடலுக்கும் அதுவே கடைசி வாய்ப்பு என்று நாங்கள் மிகுந்த உற்சாகத்தில் இருந்தோம்.

முகாம் என்றால் எங்களுக்கு முதலில் நினைவுக்கு வருவது 'கேம்ப் ஃபயர்' என்று சொல்லிப் பழகிய பாசறைத் தீதான். ஒரு மாதமாகப் பாட்டும் குறுநாடகமும் பழகியிருந்தோம். விறகு அடுக்கும் முறையைக்கூடத் தாளில் வரைந்து வைத்திருந்தோம். முதல் நாள் மாலையிலேயே சுள்ளிகளைப் பொறுக்கி வந்து முற்றத்தில் குவித்தோம். அப்போதுதான் அப்பகுதி வனச்சரகர் எங்களைப் பார்க்க வந்தார். குவியலைக் கண்டதும் அவர் முகம் மாறியது.

"சிஸ்டர், மன்னிக்க வேண்டும். இது தீக்காலம். திறந்த வெளியில் ஒரு தீக்குச்சியும் கிழிக்கக் கூடாது. சமையலறைக்குள் சமைத்துக்கொள்ளுங்கள், அவ்வளவுதான்" என்றார்.

எங்களுக்கு அழுகையே வந்துவிட்டது. எங்களுள் துணிச்சல் மிக்க ஒருத்தி எழுந்து, "ஐயா, நாங்கள் சாரணியர். நெருப்பை அணைக்கவும் பழகியிருக்கிறோம். சிறிய தீதான். முடிந்ததும் மணல் போட்டு மூடிவிடுவோம்" என்றாள்.

அவர் கோபிக்கவில்லை. "சரி அம்மா, ஒரு பரீட்சை வைத்துக்கொள்வோம். இன்று இரவு சமையல் முடிந்ததும் உங்கள் விறகடுப்பை நீங்களே மணல் போட்டு மூடுங்கள். காலையில் வருகிறேன். அந்த அடுப்பு அணைந்திருந்தால் மேலே பேசுவோம்" என்று சொல்லிச் சென்றார்.

இரவு எட்டு மணிக்கு இரண்டு கை உயரத்துக்கு மணலைக் கொட்டி, மட்டப்பலகை வைத்ததுபோல் சமன் செய்தோம். புகை இல்லை. வெளிச்சம் இல்லை. வென்றுவிட்டோம் என்றே எண்ணித் தூங்கினோம்.

நீறு பூத்த நெருப்பு

காலை ஆறு மணிக்கு வனச்சரகர் வந்தார். சிமெண்டுத் தரையின் மீது ஒரு வாளித் தண்ணீரைத் தயாராக வைத்துவிட்டு, மணலை விலக்கச் சொன்னார். மேல் மணல் குளிர்ந்திருந்தது. நடு மணல் வெதுவெதுப்பாக இருந்தது. அடி மணலைத் தொட முடியவில்லை. அதற்கும் கீழே, சாம்பல் போர்வைக்குள், மாதுளை முத்துகளைப்போலச் சில கங்குகள் சிவந்து கிடந்தன. அவர் ஒரு தேக்குச் சருகை அதன்மேல் வைத்து விசிறியால் நான்கு முறை வீசினார். சருகு முதலில் புகைந்தது, பிறகு பற்றிக்கொண்டது. பத்து மணி நேரம் கழித்து!

அருகில் நின்ற சமையற்கார அம்மா சிரித்தார். "இதுக்கா கண்ணுகளா இவ்வளவு ஆச்சரியம்? எங்க காலத்துல தீப்பெட்டிக் காசு மிச்சம் பண்ண, ராத்திரி தணலைச் சாம்பல்ல புதைச்சு வச்சு, காலையில அதுலதான் அடுப்பு மூட்டுவோம்" என்றார். நம் பாட்டிமார் நெருப்பைக் காப்பாற்றக் கையாண்ட அதே முறையை, நாங்கள் நெருப்பை அணைக்கும் முறை என்று நம்பியிருந்தோம். 'நீறு பூத்த நெருப்பு' என்ற சொற்றொடரைத் தமிழ்ப் பாடத்தில் வாக்கியத்தில் அமைத்து எழுதிய எங்களுக்கு அதன் பொருள் அன்றுதான் விளங்கிற்று.

காரணம் எளியது. மணலும் சாம்பலும் வெப்பத்தை எளிதில் கடத்துவதில்லை. ஆகவே அவை கங்கின் சூட்டை வெளியே விடாமல் போர்த்திக் காக்கின்றன. மணல் துகள்களின் இடைவெளியில் நுழையும் சிறிதளவு காற்று, கங்கு மெல்ல மெல்லக் கனன்றுகொண்டிருக்கப் போதுமானது. தண்ணீரோ சூட்டையே பறித்துவிடுகிறது.

அன்று இரவு அதே அடுப்பில் மறு சோதனை செய்தோம். ஒரு குடம் தண்ணீர் ஊற்றியபோது 'சுர்' என்ற ஓசையுடன் ஆவி எழுந்தது. கரண்டியால் கிளறினோம்; உள்ளே இன்னும் சிவப்பு. இரண்டாம் குடம் ஊற்றிக் கிளறினோம், ஓசை குறைந்தது. மூன்றாம் குடத்துக்குப் பிறகே, புறங்கையை அருகில் கொண்டு சென்றபோது சிறிதும் சூடு தெரியவில்லை. ஒரு சிறு சமையலடுப்புக்கே மூன்று குடம் தண்ணீர் வேண்டியிருந்தது. காட்டுக்குள் சுற்றுலா செல்பவர்களுள் யார் மூன்று குடம் தண்ணீரைச் சுமந்து செல்கிறார்கள்?

தீயின் மூன்று தேவைகள்

எந்தத் தீயும் எரிவதற்கு மூன்று பொருள்கள் வேண்டும் என்று அறிவியல் பாடத்தில் படித்திருக்கிறோம். எரிபொருள், உயிர்வளி, வெப்பம் ஆகியவையே அவை. இம்மூன்றில் ஒன்றை நீக்கினாலும் தீ அணைந்துவிடும். வீட்டு அடுப்பில் மூன்றும் நம் கட்டுக்குள் இருக்கின்றன. கோடைக் காட்டில் எரிபொருள் மைல் கணக்கில் பரவிக் கிடக்கிறது; காற்று நம்மைக் கேட்டு வீசுவதில்லை. நாம் தடுக்கக் கூடியது ஒன்றே ஒன்று. அது, அந்த முதல் வெப்பம், முதற் பொறி.

காட்டுத் தீயிலும் வகைகள் உண்டு. தரையில் கிடக்கும் சருகையும் புல்லையும் எரித்துச் செல்வது தரைமேல் தீ. மரங்களின் உச்சிக்கு ஏறி, ஒரு கிளையிலிருந்து மறு கிளைக்குத் தாவுவது உச்சித் தீ. மண்ணுக்குள் இருக்கும் வேரையும் மக்கையும் பற்றி, வெளியே தெரியாமல் ஊர்ந்து செல்வது நிலத்தடித் தீ. நம் நாட்டுக் காடுகளில் பெரிதும் காணப்படுவது தரைமேல் தீயே.

மலையில் தீ மேல்நோக்கி ஓடும். சமதளத்தில் நடப்பது சரிவில் ஓடும் எனலாம். ஏனெனில் சுவாலை மேலே உள்ள புல்லின் பக்கம் சாய்ந்திருப்பதால், அந்தப் புல் எரிவதற்கு முன்பே காய்ந்து சூடேறிவிடுகிறது. சரிவு பத்துப் பாகை கூடினால் தீயின் வேகம் ஏறத்தாழ இரு மடங்காகும் என்பது தீயணைப்போர் கையாளும் பொதுக் கணக்கு. மேட்டில் ஏறும்போது மனிதனின் வேகமோ குறைகிறது. தீக்கும் மனிதனுக்கும் மலைச்சரிவில் ஓட்டப் பந்தயம் வைத்தால் யார் வெல்வார் என்பதைச் சொல்ல வேண்டியதில்லை.

காற்றின் கொடுமைக்கு ஒரு சான்று கூறுவோம். 1983 பிப்ரவரி 16 ஆம் நாள் ஆஸ்திரேலியாவின் விக்டோரியா, தெற்கு ஆஸ்திரேலியா ஆகிய மாநிலங்களில் பெருந்தீ பரவி 75 பேர் இறந்தனர். அன்று திருநீற்றுப் புதன். அதனால் அந்தத் தீயே 'திருநீற்றுப் புதன் தீ' என்று பெயர் பெற்றது. மாலையில் காற்று திடீரெனத் திசை மாறியதால், தீயின் நீண்ட பக்கவாட்டுக் கோடு முழுவதும் முகப்பாக மாறி முன்னேறியது. உயிரிழப்புகளுள் மிகப் பல அதன் பின்னரே நேர்ந்தன. காற்று திரும்பும் நேரத்தை யாரும் நெருப்போடு ஒப்பந்தம் செய்துகொள்ள முடியாது.

தீக்காலம் என்பது யாது?

நம் மேற்குத் தொடர்ச்சி மலையில் வடகிழக்குப் பருவமழை ஓய்ந்தபின் ஈரம் படிப்படியாகக் குறைகிறது. தை, மாசி மாதங்களில் தேக்கு முதலிய இலையுதிர் மரங்கள் தம் இலைகளைக் கொட்டிவிடுகின்றன. மழைக்காலத்தில் ஆளுயரம் வளர்ந்த புல் மஞ்சளாகிக் காய்ந்து நிற்கிறது. வெளிநாட்டிலிருந்து அழகுச் செடியாக வந்து காடெங்கும் பரவிய உண்ணிச்செடி, காய்ந்த சுள்ளிக் கட்டுப்போல மரத்தடியில் நெருங்கிக் கிடக்கிறது. தரையில் ஓடும் தீ மரத்தின்மேல் ஏறுவதற்கு அதுவே ஏணியாகிறது. பிப்ரவரி முதல் தென்மேற்குப் பருவமழை இறங்கும் ஜூன் வரை காட்டுக்கு ஆபத்தான காலம். இதுவே தீக்காலம்.

இந்தியாவின் காட்டுப் பரப்பில் 36 விழுக்காட்டுக்கும் மேல் அடிக்கடி தீப்பிடிக்கக் கூடியது என்று டேராடூனிலுள்ள இந்திய வன அளவைத் துறை மதிப்பிட்டுள்ளது. 2004 ஆம் ஆண்டு முதல் அத்துறை, செயற்கைக்கோள்கள் காணும் வெப்பப் புள்ளிகளை மாநில வனத்துறைகளுக்கு அறிவித்து வருகிறது. வானத்திலிருந்து தீயைக் காண முடிகிறது. ஆனால் அதை அணைக்க மனிதன் கால்நடையாகத்தான் மேலே ஏற வேண்டியிருக்கிறது.

மின்னலாலும் காட்டில் தீப்பிடிப்பதுண்டு. ஆயினும் நம் நாட்டுக் காட்டுத் தீக்களுள் மிகப் பெரும்பான்மை மனிதர் கையால் நேர்பவையே. மேய்ச்சலுக்குப் புதுப்புல் வேண்டி வைப்பது, எறியப்பட்ட பீடித் துண்டு, தோட்டத்தில் குப்பை எரித்தது, சமைத்துவிட்டு அணைக்காமல் போன அடுப்பு எனக் காரணங்கள் பல. தீய எண்ணத்தோடு செய்பவர் சிலரே. கவனமின்றிச் செய்பவரே பலர்.

குரங்கணி தந்த பாடம்

தேனி மாவட்டத்தில் போடிநாயக்கனூருக்கு அருகில் உள்ள மலைக் கிராமம் குரங்கணி. 2018 மார்ச் 11, ஞாயிற்றுக்கிழமை. சென்னையிலிருந்தும், ஈரோடு, திருப்பூர்ப் பகுதிகளிலிருந்தும் மலையேற்றத்துக்கு வந்த இரண்டு குழுவினர் அம்மலையில் இருந்தனர். அவர்களுள் பெண்கள் பலர். காய்ந்த புல் நிறைந்த சரிவில் தீ பற்றி, காற்றோடு விரைந்து அவர்களைச் சூழ்ந்துகொண்டது. வனத்துறையினரும், தீயணைப்பு வீரர்களும், ஊர் மக்களும், இந்திய விமானப் படையின் ஹெலிகாப்டர்களும் மீட்புப் பணியில் ஈடுபட்டனர். அப்படியிருந்தும் இருபதுக்கும் மேற்பட்டோர் உயிரிழந்தனர். சிலர் மலையில் இறந்தனர். வேறு சிலர் பல நாள் மருத்துவமனையில் வேதனைப்பட்டு இறந்தனர்.

இறந்தவர்களைக் குறை கூற நமக்கு வாயில்லை. அவர்களும் எங்களைப் போலவே மலையின் அழகைக் காண ஆசையோடு சென்றவர்கள். அவர்கள் ஆன்மாக்களுக்காக நாங்கள் அந்த முகாமின் மாலைச் செபமாலையில் ஒரு பத்து மணி ஒப்புக்கொடுத்தோம். ஆனால் பாடம் ஒன்று உண்டு. தீக்காலத்தில் காட்டுக்குள் இருப்பவர் தீயை மூட்டாதவராயினும் ஆபத்தில் இருக்கிறார். எங்கோ ஒரு சரிவில் யாரோ வைத்த தீ, அறியாத ஒருவரைத் தேடி வரும். அந்த விபத்துக்குப் பின்னர் தமிழக அரசு 2018 ஆம் ஆண்டிலேயே மலையேற்றத்துக்குத் தனி விதிகளை வகுத்தது.

அண்டை மாநிலங்களிலும் இத்துயரம் உண்டு. 2017 பிப்ரவரியில் கர்நாடகத்தின் பந்திப்பூர்க் காட்டில் தீயை அணைக்கச் சென்ற வனக்காவலர் ஒருவர் இறந்தார். 2020 பிப்ரவரியில் கேரளத்தின் திருச்சூர் மாவட்டத்தில் கொற்றம்பத்தூர்க் காட்டில் மூன்று வனக் காவலாளிகள் தீயில் சிக்கி மாண்டனர். இவர்கள் வேடிக்கை பார்க்கப் போனவர்கள் அல்லர்; கடமைக்குப் போனவர்கள். அவர்கள் வீட்டிலும் பரீட்சைக்குப் படிக்கும் பிள்ளைகள் இருந்திருப்பார்கள் அன்றோ?

சட்டம் சொல்வது

காட்டில் நெருப்புக்குத் தடை என்பது நேற்று வந்த கட்டளை அன்று. தமிழ்நாட்டில் 1882 ஆம் ஆண்டின் வனச் சட்டம் இன்றும் நடைமுறையில் இருக்கிறது. 1927 ஆம் ஆண்டின் இந்திய வனச் சட்டத்தின் 26 ஆவது பிரிவு, வன அலுவலர் அனுமதித்து அறிவிக்கும் பருவங்களில் தவிர, காப்புக்காட்டுக்குள் நெருப்பை மூட்டுவதும், வைத்திருப்பதும், எடுத்துச் செல்வதும் குற்றம் என்கிறது. கையில் எரியும் தீப்பந்தத்தோடு நடந்து போவதும் குற்றமே. 1972 ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம், சரணாலயங்களுக்கு ஆபத்து நேரும் வகையில் தீ மூட்டுவதையும், எரியும் தீயை விட்டுச் செல்வதையும் தடுக்கிறது.

இங்கு நாங்கள் கவனித்தது ஒன்று. சட்டம் 'பருவம்' என்ற சொல்லைப் பயன்படுத்துகிறது. எனவே இது நெருப்பின்மீது என்றென்றைக்கும் விதித்த தடை அன்று. காலம் அறிந்து விதித்த நோன்பு. தவக்காலத்தில் நாம் இறைச்சியை விலக்குகிறோம். இறைச்சி பாவப்பொருள் என்பதனாலா? இல்லை. காடும் கோடையில் ஒரு தவக்காலம் காக்கிறது. நாமும் அதனோடு சேர்ந்து காக்க வேண்டும்.

அமெரிக்கக் காடுகளில்

பாசறைத் தீயை மிகவும் விரும்பும் நாடு அமெரிக்கா. அங்கு அரசுக்குச் சொந்தமான பொதுநிலக் காடுகளில் குடும்பம் குடும்பமாக மக்கள் கூடாரமடித்துத் தங்குகின்றனர். அத்தகைய நாட்டிலும் வறட்சி மிகுந்தால் தடை வருகிறது. பொதுவாக அது இரண்டு படிகளாக வரும். முதற்படியில், அரசு அமைத்த முகாமிடங்களில், இரும்பு வளையத்துக்குள் மட்டுமே தீ மூட்டலாம். இரண்டாம் படியில் விறகுத் தீயே கூடாது. திருகி மூடக்கூடிய எரிவாயு அடுப்பு மட்டும் பொதுவாக அனுமதிக்கப்படும். மழை பெய்து காடு நனைந்தபின் தடை நீக்கப்படும்.

இத்தனை கவனம் ஏன் என்பதற்கு அரிசோனா மாநிலத்தின் கதை ஒன்றே போதும். 2011 மே மாத இறுதியில் இரண்டு இளைஞர்கள் அங்குள்ள காட்டில் பாசறைத் தீ மூட்டினர். நடைப்பயணம் புறப்படுமுன் அவர்களுள் ஒருவர் மிட்டாய் உறை ஒன்றை அதில் போட்டுப் பார்த்தார். உறை உருகவில்லை. ஆகவே தீ அணைந்துவிட்டது என்று முடிவு செய்து சென்றுவிட்டனர். அணையவில்லை. அந்தத் தீ 5 லட்சத்து 38 ஆயிரம் ஏக்கர் நிலத்தை எரித்தது. நம் சென்னை மாநகராட்சியின் பரப்பு 426 சதுர கிலோமீட்டர். அதைப்போல ஏறத்தாழ ஐந்து மடங்கு நிலம் கரிந்தது! முப்பதுக்கும் மேற்பட்ட வீடுகள் அழிந்தன. அவ்விளைஞர்கள் குற்றத்தை ஒப்புக்கொண்டனர். 37 லட்சம் டாலருக்கு மேல் ஈட்டுத்தொகை செலுத்தும்படி நீதிமன்றம் ஆணையிட்டது. ஒரு மிட்டாய் உறையை நம்பியதன் விலை இது. எங்கள் அடுப்பின் மேல் மணல் குளிர்ந்திருந்தது எங்கள் நினைவுக்கு வருகிறது. நாங்களும் அவர்களைப் போலத்தானே நம்பினோம்?

அந்நாட்டில் 1944 முதல் 'ஸ்மோக்கி' என்னும் கரடிப் படத்தைக் கொண்டு சிறுவர்களுக்குக் காட்டுத் தீத் தடுப்பைக் கற்பிக்கின்றனர். 1950 இல் நியூ மெக்சிகோ மாநிலத்தில் எரிந்த காட்டில், கருகிய மரத்தைப் பற்றிக்கொண்டிருந்த கரடிக்குட்டி ஒன்றை மீட்டு, அதற்கும் அப்பெயரையே இட்டனர். அது வாஷிங்டன் விலங்குக் காட்சிசாலையில் 1976 வரை வாழ்ந்தது. அதற்குக் குழந்தைகள் எழுதிய கடிதங்கள் மலைபோல் குவிந்ததால், அக்கரடிக்கென்றே தனி அஞ்சல் குறியீட்டு எண் வழங்கப்பட்டது.

எல்லா நெருப்பும் பகையா?

இவ்வாறு கேட்டவள் எங்கள் அணியின் கடைக்குட்டி. வனச்சரகர் மகிழ்ந்து விடை கூறினார். தீக்காலம் தொடங்குமுன், ஈரம் முற்றிலும் காயாத நாள்களில், வனத்துறையே ஆட்களைச் சூழ நிறுத்திக் குறிப்பிட்ட கோட்டில் புல்லையும் சருகையும் நீக்கி எரிக்கிறது. இதற்குத் தீத்தடுப்புக் கோடு என்று பெயர். பின்னர்ப் பெருந்தீ வந்தால், எரிபொருள் இல்லாத அந்தக் கோட்டில் அது நின்றுவிடும். மலைவாழ் மக்களுக்கும் இந்த அறிவு உண்டு. கர்நாடகத்தின் பிலிகிரிரங்கன் மலையில் வாழும் சோளிகர், கோடையின் தொடக்கத்திலேயே சருகை மெல்லிய தீயால் எரிக்கும் வழக்கம் கொண்டிருந்தனர். அவ்வழக்கம் நின்ற பிறகே உண்ணிச்செடி பெருகியது என்பது அம்முதியோரின் கருத்து.

ஆகவே நெருப்பு பகை அன்று. காலம் அறிந்து, காவலோடு, காட்டை அறிந்தவர் இடும் தீ வேறு; பொழுதுபோக்குக்காக இட்டு மறந்து போகும் தீ வேறு. மருத்துவர் கையிலுள்ள கத்தியும் குழந்தை கையிலுள்ள கத்தியும் ஒன்றாகுமா?

காடு எரிந்தால் நமக்கென்ன?

காட்டுக்கோழியும் கௌதாரியும் தரையில் முட்டையிடுகின்றன. அவற்றின் முட்டைகள் ஓட முடியாது. ஆமை ஓட முடியாது. யானையும் மானும் தப்பினாலும், மேய்ச்சல் இழந்து ஊருக்குள் வருகின்றன. மரக்கன்றுகள் அழிந்த இடத்தில் உண்ணிச்செடியே மறுபடி முளைக்கிறது.

நகரத்தில் இருப்பவருக்கும் இழப்பு உண்டு. சோலைக் காடும் மலைப் புல்வெளியும் மழையைப் பஞ்சுபோல் உறிஞ்சிச் சிறுகச் சிறுக ஓடையில் விடுகின்றன. குரங்கணிப் பக்கம் பிறக்கும் கொட்டக்குடி ஆறு வைகையில் கலக்கிறது. மலையில் போர்வை எரிந்துபோனால் முதல் மழையிலேயே மண் கரைந்து ஓடி அணையில் படியும். கோடையில் ஓடை வறண்டுவிடும். மலைமேல் எரிந்தது மதுரையில் குடத்தைத் தொடும் என்று சொன்னால் மிகையாகாது.

நாம் செய்ய வேண்டியவை

கோடை விடுமுறையில் நம் பெற்றோர் நம்மைக் கொடைக்கானலுக்கும் உதகைக்கும் அழைத்துச் செல்வர். அப்போது கீழ்க்கண்டவற்றை நினைவில் கொள்வோம்.

1. பிப்ரவரி முதல் ஜூன் வரை காட்டிலும் காட்டின் ஓரத்திலும் தீ மூட்டுவதில்லை. விடுதிக்காரர் ஏற்பாடு செய்து தருவதாகச் சொன்னாலும், வனத்துறையின் அனுமதி உண்டா என்று கேட்போம்.

2. வழியில் சமைப்பதற்குப் பதிலாகப் புளிச்சோறு கட்டிக்கொண்டு போவோம். அதன் சுவைக்கு எந்தக் குறையும் இல்லை.

3. காட்டு வழியில் வண்டியிலிருந்து பீடி, சிகரெட்டுத் துண்டுகளை எறிய யாரையும் விடமாட்டோம். அப்பா, சித்தப்பா, மாமா யாராயினும் பணிவோடு சொல்வோம்.

4. அனுமதியுள்ள காலத்தில், அனுமதியுள்ள இடத்தில் தீ மூட்டினால், சுற்றிலும் சருகை நீக்கி, பக்கத்தில் தண்ணீர் வைத்து, ஒருவரைக் காவல் நிறுத்துவோம். முடிந்ததும் தண்ணீர் ஊற்றி, கிளறி, மீண்டும் ஊற்றி, புறங்கையால் சூடு பார்த்த பிறகே அகல்வோம். மணலை மட்டும் நம்பமாட்டோம்.

5. காட்டில் புகை கண்டால் 101 அல்லது 112 என்ற எண்ணிலோ, அருகிலுள்ள வனத்துறைச் சாவடியிலோ உடனே தெரிவிப்போம்.

6. தீயிடையே சிக்க நேர்ந்தால் மேட்டை நோக்கி ஓடக் கூடாது. பக்கவாட்டில் விலகி, பாறைவெளி, ஓடை, முன்பே எரிந்து முடிந்த இடம் ஆகியவற்றை நாட வேண்டும். மலைக்குச் செல்லும்போது பருத்தி ஆடையே நல்லது. செயற்கை இழை உருகி உடலில் ஒட்டிக்கொள்ளும்.

முடிவுரை

முகாமின் கடைசி இரவு வந்தது. பாசறைத் தீ இல்லை. ஆனால் பாசறை இருந்தது. கூடத்தின் நடுவில் ஐந்து அரிக்கேன் விளக்குகளை வைத்து, சிவப்புக் கண்ணாடித் தாளைச் சுற்றினோம். அதைச் சூழ்ந்து அமர்ந்து பழகிய பாட்டுகளை எல்லாம் பாடினோம். சிஸ்டர் அழைத்ததன்பேரில் மூன்று தீத்தடுப்புக் காவலர்களும் வந்து, கதவோரத்தில் கூச்சத்தோடு அமர்ந்து தேநீர் அருந்தினர். அவர்களுள் ஒருவரின் முழங்கையிலிருந்து மணிக்கட்டு வரை தோல் சுருங்கியிருந்தது. "இது எப்படி நேர்ந்தது, அண்ணா?" என்று கேட்டோம்.

"போன வருஷம், பின்பக்க மலையில. பச்சைத் தழையை ஒடிச்சு ராத்திரி முழுக்க அடிச்சோம். விடிஞ்சப்புறம் தீ கிளம்பின இடத்தைத் தேடிப் போனோம். மூணு கல்லு, கொஞ்சம் முட்டை ஓடு, மேல ஒரு பிடி மண்ணு போட்டிருந்தது. பாவம், அணைச்சுட்டதாத்தான் நெனச்சுப் போயிருக்காங்க" என்றார்.

அவர் யாரையும் திட்டவில்லை. அதுவே எங்களை மிகவும் வாட்டியது. நாங்கள் விரும்பிய அந்தச் சிறிய தீயை முற்றத்தில் மூட்டி, மணல் போட்டு மூடி, ஊர் திரும்பியிருந்தால், காற்று எழும் நேரத்தில் மேலே ஏற வேண்டியவர் இந்த அண்ணன்தான். தடை எங்கள் மகிழ்ச்சிக்கு எதிராக இடப்பட்டது என்று எண்ணியிருந்தோம். அது அவருடைய கைகளுக்காக இடப்பட்டது.

ஒரு சிறு நெருப்பு எவ்வளவு பெரிய காட்டைக் கொளுத்திவிடக் கூடும் என்பதைக் காட்டி, நாவடக்கத்தைப் போதித்தார் புனித யாக்கோபு தம் திருமுகத்தின் மூன்றாம் அதிகாரத்தில். எங்களுக்கு அந்த உவமை இப்போது இரு வழியாகவும் பயன்படுகிறது. அசிசியின் புனித பிரான்சிஸ் நெருப்பைத் தம் சகோதரன் என்றே அழைத்தார். சகோதரனை மதிப்பவர் அவனை எங்கே, எப்போது அழைக்க வேண்டும் என்பதையும் அறிந்திருப்பர்.

அந்த ஆண்டு பாஸ்கா திருவிழிப்பு இரவில், ஆலய முற்றத்தில் குருவானவர் புது நெருப்பை மந்திரித்தபோது, நாங்கள் வழக்கத்தைவிட நெருங்கி நின்று பார்த்தோம். பாஸ்காத் திரி ஏற்றப்பட்டு, எல்லாரும் உள்ளே சென்ற பிறகு, எங்கள் அணியில் நால்வர் மட்டும் பின்தங்கினோம். குழாயடியிலிருந்து தண்ணீர் கொண்டுவந்து ஊற்றினோம், கிளறினோம், மீண்டும் ஊற்றினோம். புறங்கையால் தொட்டுப் பார்த்தோம். குளிர்ந்திருந்தது. அதன் பிறகே எங்கள் மெழுகுவர்த்திகளோடு உள்ளே சென்றோம்.